வீடு தங்காத அம்மா

இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களில் பலர், அம்மா உயிரோடு இருந்த காலத்தில் அவரைப் பற்றிப் பேச நேர்ந்தால் குரலைத் தாழ்த்திக்கொண்டவர்கள். இன்று அவருடைய முதலாண்டு நினைவுக்கு மண்டபம் நிறைய வந்திருக்கிறீர்கள். வந்தவர்களை வரவேற்பது வீட்டாரின் கடமை. வரவேற்கிறேன்.

அம்மாவின் மூத்த பிள்ளை என்ற முறையில் இந்தக் கட்டுரையை எழுதும் பொறுப்பைத் தம்பி என்னிடம் கொடுத்தான். படித்து உத்தியோகம் பார்ப்பவன் அவன். ஒன்பதாம் வகுப்போடு நின்றவள் நான். இருந்தாலும் நீதான் எழுத வேண்டும் என்றான். சொன்ன கையோடு, "ஆன்மிகப் பயணம் போனாகன்னு போட்ரு அக்கா, படிக்கிறவுகளுக்கு மரியாதையா இருக்கும்" என்றும் சொன்னான்.

அம்மா ஆன்மிகப் பயணம் போகவில்லை. ஊர் சுற்றினார். காவி கட்டவில்லை, விரதம் இருக்கவில்லை, யாருக்கும் குறி சொல்லவில்லை. கோயில் மண்டபங்களில் படுத்திருக்கிறார், அங்கே கூரை இருந்ததால். நான் அப்படித்தான் எழுதுவேன்.

அம்மா பரமக்குடிக்குத் தெற்கே, வானம் பார்த்த பூமியில், சொந்த நிலமும் உழவு மாடும் உள்ள ஒரு சம்சாரி வீட்டில் பிறந்தார். அண்ணன்களுக்குப் பிறகு பிறந்த ஒரே பெண் என்று செல்லமாகத்தான் வளர்த்தார்களாம். அந்தச் செல்லம் வாசற்படி வரைக்கும்தான். கண்மாய்க்குத் தண்ணீர் எடுக்கப் போவதும், மிளகாய்க் காட்டுக்குப் போவதும், திரும்பி வருவதும்தான் அவருக்குத் தெரிந்த தூரம். அய்யாவுக்குக் கட்டிக்கொடுத்தபோது மாட்டு வண்டியில் வந்து எங்கள் ஊரில் இறங்கினார். இறங்கிய இடத்திலும் ஒரு கண்மாய், ஒரு மிளகாய்க் காடு. அய்யா அதிகம் பேசாதவர். குடிக்காதவர், கை நீட்டாதவர். இதையும் எழுதக் காரணம் இருக்கிறது. அம்மா வீட்டை விட்டுப் போனதற்கு அய்யாவிடம் குற்றம் தேடியவர்கள் உங்களில் உண்டு. அப்படி ஒன்றும் இல்லை.

எழுபதுகளின் நடுவில், எனக்குப் பதினோரு வயது இருக்கும். எங்கள் தாத்தா இறந்த மறு வருடம், ஆடி அமாவாசைக்குத் திதி கொடுக்கக் குடும்பத்தோடு ராமேஸ்வரம் போனோம். பெரியப்பாதான் தலைமை. பாம்பனுக்கு ரோட்டுப் பாலம் அப்போது கிடையாது. பரமக்குடியில் ரயில் ஏறினோம். பாலத்தின்மேல் ரயில் ஊர்ந்து போனபோது எல்லாரும் பயந்து உள்ளே பார்த்தோம். அம்மா மட்டும் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளியே பார்த்தபடி வந்தார். அதுவரை அவர் கடலைப் பார்த்ததில்லை.

கடலில் முழுக்குப் போட்டு, கோயிலில் தீர்த்தமாடி, திதி கொடுத்து, சாப்பிட்டு, ரயிலடிக்கு வந்தோம். அம்மாவைக் காணோம். கூட்டத்தில் தவறிவிட்டார் என்று முதலில் நினைத்தோம். அப்புறம் கடல் கொண்டுபோய்விட்டதோ என்று பயந்தார்கள். மீனவர்களிடம் சொல்லித் தேடச் சொன்னார்கள். அய்யா கரையிலேயே நின்றுவிட்டார். எங்களைப் பெரியப்பா ஊருக்கு அழைத்து வந்தார். அம்மா எங்கே என்று தம்பி கேட்கும்போதெல்லாம் அத்தை அவனுக்கு ஏதாவது தின்னக் கொடுத்தார். இரண்டு நாள் கழித்து அய்யா தனியாக வந்தார். ஒரு வாரத்தில் பெரியப்பா, காரியத்தைச் செய்துவிடலாம் என்று பேச்செடுத்தார். அய்யா மாட்டேன் என்று தலையை மட்டும் ஆட்டினார்.

அந்தப் பேச்சு நடந்துகொண்டிருக்கும்போதே கண்மாய்க் கரை மேல் அம்மா நடந்து வந்தார். சேலைக் கரை உப்புப் பூத்து விறைத்திருந்தது. கால் வெடித்திருந்தது. முகத்தில் களைப்பு இல்லை. அந்த முகத்தை நான் அதற்கு முன்பு பார்த்ததில்லை.

பெரியப்பா அம்மாவை ஊர்க்காரர்கள் முன்னால் நிறுத்தி விசாரித்தார். யாரோடு போனாய் என்பதுதான் முதல் கேள்வி.

"யாரு கூடயும் இல்ல மாமா."

"பெறகு எதுக்குப் போன?"

"அந்த மண்ணு எங்கன போயி முடியுதுன்னு பாக்கத் தோணுச்சு. தனுஷ்கோடி வரைக்கும் போனேன். பாலத்த ரயில்ல தாண்டிட்டு, மண்டபத்துலருந்து நடந்தே வந்தேன். நல்லா இருந்துச்சு."

அந்த 'நல்லா இருந்துச்சு'தான் அம்மாவின் வாழ்க்கையைக் கெடுத்தது. ஒருவனோடு போயிருந்தால் ஊருக்குப் புரிந்திருக்கும். பேய் பிடித்தது என்றால் கோடாங்கியைக் கூப்பிட்டிருப்பார்கள். சாமி அழைத்தது என்று ஒரு பொய் சொல்லியிருந்தால் காலில்கூட விழுந்திருப்பார்கள். அம்மாவுக்குப் பொய் சொல்ல வரவில்லை. கடைசி வரைக்கும் வரவில்லை.

அதன் பிறகு ஒவ்வொரு சித்திரையிலும் மிளகாய்ப் பழம் எடுத்து முடிந்ததும் அம்மா கிளம்பிவிடுவார். ஆவணியில் விதைப்புக்கு வந்துவிடுவார். தேவிபட்டினம், உத்தரகோசமங்கை, ஏர்வாடி, வாலிநோக்கம், சாயல்குடி என்று பெரும்பாலும் கடலோரமாகவே போய், சில வருடம் தூத்துக்குடி, திருச்செந்தூர் வரைக்கும். கையேந்தியதில்லை. உப்பளத்தில் உப்பு வாருவார், சத்திரத்தில் பாத்திரம் விளக்குவார், யார் காட்டிலாவது களை எடுப்பார். நாலு நாள் வேலை, சாப்பாடு, பிறகு நடை. வீட்டில் இருக்கும் மாதங்களில் யாரும் குறை சொல்ல முடியாத அளவுக்கு உழைப்பார். சோறு வடித்துக்கொண்டே தான் பார்த்த ஊர்களைப் பற்றிச் சொல்வார். உப்பளத்தில் மதிய வெயிலுக்குக் கண் எப்படிக் கூசும், உப்பு வாருகிற பெண்கள் கண்ணை எப்படி இடுக்கிக்கொண்டே பேசுவார்கள் என்று நடித்துக் காட்டுவார். நானும் தம்பியும் வாயைப் பிளந்துகொண்டு கேட்போம். சித்திரை வந்தால் மறுபடி வீட்டில் நாங்கள்தான்.

நான் பெரிய மனுஷி ஆனது ஒரு வைகாசியில். அம்மா எங்கே இருக்கிறார் என்று யாருக்கும் தெரியாது. அத்தை தலைக்குத் தண்ணீர் ஊற்றினார். அந்த வருடமே பள்ளிக்கூடத்தை நிறுத்தினேன். அய்யாவுக்கும் தம்பிக்கும் சமைக்க ஆள் வேண்டும். தம்பி படிக்க வேண்டும். யாரும் என்னிடம் நீ நின்றுகொள் என்று சொல்லக்கூட இல்லை. அடுப்பு என் பக்கம் வந்துவிட்டது, அவ்வளவுதான். தெருவில் போகும்போது 'ஓடுகாலி மக' என்பார்கள். எங்கள் ஊரிலிருந்தே ஒரு பெரியவர் குடும்பத்தை விட்டுவிட்டுக் காசிக்குப் போய்க் காவியோடு திரும்பினார். அவருக்கு மேளம் வைத்து வரவேற்பு கொடுத்தார்கள். அவர் மனைவியும் பிள்ளைகளும் கூலிக்குப் போய்ப் பிழைத்ததை அன்று ஒருவரும் பேசவில்லை.

எனக்கு மாப்பிள்ளை பார்த்தபோது, வந்தவர்கள் எல்லாரும் அம்மாவைக் கேட்டார்கள். கேட்டுவிட்டுப் போனவர்கள் திரும்பவில்லை. கடைசியாகப் பரமக்குடியிலிருந்து ஒரு குடும்பம் வந்தது. பெரியப்பா முந்திக்கொண்டு, பெண்ணுக்குத் தாய் இல்லை, தவறிவிட்டாள் என்று சொல்லிவிட்டார். அய்யா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் காப்பித் தட்டோடு நின்றுகொண்டிருந்தேன்.

கல்யாணம் சித்திரைக்குப் பிறகு வைக்கப்பட்டது, அம்மா ஊரில் இருக்கமாட்டார் என்று கணக்குப் பண்ணித்தான். ஆனால் வழியில் யாரோ சொல்லி, அம்மா வந்துவிட்டார். மணவறையில் உட்கார்ந்திருந்த நான் அவரைப் பந்தல் வாசலில் பார்த்தேன். பெரியப்பா போய் ஏதோ சொன்னார். அம்மா கேட்டுக்கொண்டார். சண்டை போடவில்லை. பந்தலுக்குள் வந்து, தூரத்து ஊர்க்காரர்களோடு பந்தியில் உட்கார்ந்தார். பரிமாறிக்கொண்டிருந்தவர் கையிலிருந்து வாளியை வாங்கி, அய்யா தானே போய் அம்மாவின் இலையில் சோறு வைத்தார். சாம்பார் ஊற்றினார். அப்பளம் வைத்தார். பக்கத்து இலைக்கு நகர்ந்தார். அம்மா இலையை மிச்சமில்லாமல் வழித்துச் சாப்பிட்டு, மூடிவிட்டு, கை கழுவி, போய்விட்டார். என் தலையில் அட்சதை போட வரிசையில் அத்தனை பேர் வந்தார்கள். பெற்றவர் வரவில்லை.

பொய் நிற்கவில்லை. ஒரு வருடத்துக்குள் அம்மாவை யாரோ சாயல்குடி பக்கம் பார்த்ததாக என் மாமியார் காதுக்குச் செய்தி வந்தது. செத்தவள் எப்படி நடந்து போகிறாள் என்று என்னிடம் கேட்டார். அன்றிலிருந்து நான் வாசலுக்குக் கோலம் போடப் போனால்கூட, "திரும்பி வருவியா?" என்று கேட்பது அவருக்கு வழக்கமாகிவிட்டது. நான் தாய் வீட்டுக்குப் போனால் சொன்ன நேரத்துக்கு முன்னாலேயே திரும்பிவிடுவேன். கல்யாணமான இத்தனை வருடத்தில் என்னைப் போல வீடு தங்கிய மருமகள் இந்தத் தெருவில் கிடையாது.

அய்யாவிடம் ஒரு தடவை கேட்டேன். நீங்கள் ஏன் அம்மாவைத் தடுக்கவில்லை, கதவைச் சாத்தியாவது வைத்திருக்கலாமே என்று. அய்யா மாட்டுக்கு வைக்கோல் பிடுங்கிப் போட்டுக்கொண்டிருந்தார்.

"போகையில அவ மொகத்தப் பாத்திருக்கியா? தை மாசம் வீட்டுக்குள்ள இருக்கையில பாத்திருக்கியா? ரெண்டையும் பாத்தவன் நான் தாயி. எந்த மொகத்த வச்சுக்கிரணும்னு சொல்லு."

எங்கள் முகத்தை யார் பார்த்தார்கள் என்று கேட்க நினைத்தேன். அந்த மனிதரிடம் அதைக் கேட்க முடியவில்லை.

அய்யா இறந்தபோது அம்மா இல்லை. எந்த ஊருக்குச் சொல்லி அனுப்புவது? எல்லாம் முடிந்து கருமாதியும் ஆன பிறகு வந்தார். தம்பி வாசலில் நின்று, உள்ளே வராதே என்றான். அப்போது அவன் உத்தியோகத்தில் இருந்தான், அவனுக்கும் ஒரு மகள் இருந்தாள், நாளைக்கு அவளுக்கும் மாப்பிள்ளை பார்க்க வேண்டும். அம்மா திரும்பி நடந்தார். அய்யா உழுத காட்டில், வேப்பமரத்தடியில் போய் உட்கார்ந்தார். நான் சோறு கொண்டுபோனேன். சாப்பிட்டுவிட்டு, "நீ எங்கூட வாரியா? தனுஷ்கோடி வரைக்கும் போயிட்டு வருவோம்" என்றார்.

எனக்கு இருந்த கோபத்துக்கு, போனேன். இத்தனை வருடமும் கேட்காததை எல்லாம் ஆளில்லாத இடத்தில் வைத்துக் கேட்டுவிட வேண்டும் என்று போனேன். என் கணவர் மட்டும் போய்வா என்றார். அதற்காக அவருக்கு இங்கே நன்றி சொல்ல வேண்டும்.

ராமேஸ்வரத்தில் விடியலில் கிளம்பினோம். தார் ரோடு முடிந்தது. மணல் தொடங்கியது. ஒரு பக்கம் அலையில்லாத பெண் கடல், மறுபக்கம் இரைகிற ஆண் கடல். புயலில் இடிந்த கோயில் சுவரும் ரயிலடிச் சுவரும் தெரிந்தன. மீனவப் பெண் ஒருத்தி மணலைத் தோண்டி ஊற்றுத் தண்ணீரைச் சிரட்டையில் மொண்டுகொண்டிருந்தாள். அம்மாவைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டு சிரித்தாள். எங்களுக்குக் குடிக்கக் கொடுத்தாள். கடலுக்கு நடுவில் அவ்வளவு இனிப்பான தண்ணீர்.

அங்கேதான் கேட்டேன். எதுக்கும்மா இப்படி என்று.

"வீட்ல இருந்தா நான் இன்னார் மக, இன்னார் பொண்டாட்டி, இன்னார் ஆத்தா. வேற ஊருக்குப் போனா அங்கனயும் அதத்தான் கேப்பாக. சொல்லிட்டா பிடிச்சு உக்கார வச்சிருவாக. அதனால அவுக கேக்குறதுக்குள்ள அடுத்த ஊருக்குப் போயிருவேன். ரெண்டு ஊருக்கும் நடுவுல ரோட்டுல போறேன்ல, அப்ப நான் யாருமில்ல. அது எனக்குப் பிடிச்சிருக்கு. வேற ஒண்ணுமில்ல."

"நாங்க?"

"ஒங்கள மறந்துட்டுப் போகல. ஒங்களுக்காக இருந்துக்கிரவும் முடியல."

நான் அழுவேன் என்று நினைத்தேன். அழவில்லை. நடந்தோம். வெயில் ஏறியது, காற்று நிற்கவே இல்லை. எப்போது என்று தெரியாது, கொஞ்ச தூரம் போன பிறகு என் தோள் இறங்கியது. அன்று என்ன குழம்பு வைப்பது என்று நான் யோசிக்கவில்லை என்பது திடீரென்று நினைவுக்கு வந்தது. யாருடைய சட்டை காய்கிறது, யாருக்கு மாத்திரை கொடுக்க வேண்டும், எதுவும் இல்லை. முன்னால் மணல், அதற்குமேல் வானம், பக்கத்தில் பேசாமல் வருகிற ஒரு மனுஷி. எனக்குச் சிரிப்பு வந்தது. ஒன்பதாம் வகுப்பில் கடைசியாக அப்படிச் சிரித்திருப்பேன். அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தார். அவருக்குத் தெரிந்துவிட்டது.

அதுவரை எனக்கு இருந்தது கோபம். அந்த மணலில்தான் அது கசப்பாக மாறியது. அம்மா ஏதோ துன்பத்தில், ஏதோ பித்தில் அலைகிறார் என்று நினைத்து நான் சமைத்துக்கொண்டிருந்தேன். இவ்வளவு நன்றாக இருக்கும் என்று எனக்குத் தெரியாது.

"இத எனக்கும் காட்டிருக்கலாம்லம்மா" என்றேன்.

"நீ வாரேன்னு கேக்கலியே தாயி."

"பதினோரு வயசுப் பிள்ளைக்கு எப்படிம்மா கேக்கத் தெரியும்?"

அம்மா எனக்கு முன்னால் நடந்து போனார். மண் முடிகிற இடம் வரைக்கும் போய்ப் பார்த்தோம். அங்கே ஒன்றும் இல்லை, இரண்டு கடலும் கலந்துகொண்டிருந்தன. மறுநாள் மாலை நான் பரமக்குடியில் சமைத்துக்கொண்டிருந்தேன்.

அடுத்த சில வருடங்களில் அம்மா என்னைப் பார்க்க வருவது உண்டு. வீட்டுக்குள் வரமாட்டார். பஸ் ஸ்டாண்டில் இருந்துகொண்டு யாரிடமாவது சொல்லி அனுப்புவார். நான் போய்ப் பார்ப்பேன், டீ குடிப்போம். சுனாமி வந்த வாரம், எந்தக் கரையில் இருந்தாரோ என்று துடித்துப்போனேன். உத்தரகோசமங்கையில் களை எடுத்துக்கொண்டிருந்தாராம். வந்து, "கடல் பக்கம் சோலி முடிஞ்சிருந்துச்சு, தள்ளி வந்துட்டேன்" என்று சாதாரணமாகச் சொன்னார்.

சென்ற ஆண்டு வாலிநோக்கத்திலிருந்து ஜைனம்பு என்ற பெண் போன் செய்தார். உப்பளத்தில் அம்மாவோடு வேலை பார்த்தவர். அம்மாவுக்குக் காய்ச்சல் கண்டு, ஜைனம்பு வீட்டிலேயே நாலைந்து நாள் படுத்திருந்து, அன்று காலையில் இறந்துவிட்டார். ஆஸ்பத்திரிக்குக் கூப்பிட்டதற்கு, நடந்து போற தூரம்னா வாரேன் என்றாராம்.

நான் தம்பிக்குச் சொன்னேன். தம்பி பெரியப்பா வீட்டுக்குச் சொன்னான். ஊருக்குள் கொண்டுவர வேண்டாம், சாவு எங்கே நடந்ததோ அங்கேயே முடித்துவிடுங்கள், யார் வீட்டில் கிடந்தாளோ என்ன தண்ணீர் குடித்தாளோ என்று பதில் வந்தது. தம்பி அதை அப்படியே என்னிடம் சொன்னான், குரல் மட்டும் உள்ளே போயிருந்தது. நாற்பது வருடம் விதைத்து அறுத்த ஊர் அம்மாவுக்கு ஆறடி இடம் தரவில்லை. உங்களில் ஒருவரும் வரவில்லை. கார் கிடைக்கவில்லை என்று சிலர் பிறகு சொன்னீர்கள். பரமக்குடியிலிருந்து வாலிநோக்கத்துக்குப் பஸ் போகிறது. நான் அதில்தான் போனேன்.

ஜைனம்புவும் உப்பளத்துப் பெண்களும் அம்மாவைக் குளிப்பாட்டி, புதுச் சேலை உடுத்தி வைத்திருந்தார்கள். நெற்றியில் திருநீறு பூசச் சொல்லிப் பக்கத்து வீட்டு அம்மாவை அழைத்துவந்ததும் ஜைனம்புதான். மதியம் தம்பி வந்தான். கொள்ளி வைத்தான். வைத்துவிட்டுச் சின்னப் பிள்ளை போல மணலில் உட்கார்ந்து அழுதான். அதையும் எழுதியாக வேண்டும். அவனும் தின்னக் கொடுத்து வாயடைக்கப்பட்ட பிள்ளைதான்.

எல்லாம் முடிந்த பிறகு ஜைனம்பு என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நீங்கதானே கூட நடந்த மக? எங்க எல்லார்ட்டயும் சொல்லிருக்காக. எம்மக எனக்கு மேல நடப்பா, கால் அப்படி, ஆனா குடும்பத்துல மாட்டிக்கிட்டான்னு சொல்வாக."

என்னிடம் ஒரு நாளும் அப்படிச் சொன்னதில்லை.

இப்போது என் மாமியார் படுக்கையில் இருக்கிறார். திரும்பி வருவாயா என்று கேட்டவரை நான்தான் தூக்கி உட்கார வைக்கிறேன், ஊட்டுகிறேன். நான் எங்கும் போவதாக இல்லை, போகவும் முடியாது. அம்மா போனதால் நான் இருந்தேன். இந்தக் குடும்பத்தில் ஒருவர் சுற்றுவதற்கு ஒருவர் வீட்டில் இருக்க வேண்டியிருந்தது, அது யார் என்று என்னிடம் கேட்கவில்லை. அம்மாவை நான் மன்னிக்கவில்லை. ஆனால் அவர் செய்தது தப்பு என்று இனி யார் சொன்னாலும் ஒத்துக்கொள்ளவும் மாட்டேன்.

நன்றி கூறும் இடம் இது. அம்மாவுக்குக் கொள்ளி வைத்த தம்பிக்கும், என்னை ஒரு முறை அனுப்பிவைத்த என் கணவருக்கும் நன்றி. மாட்டேன் என்று தலையாட்டிய அய்யாவுக்கு எங்கே இருந்தாலும் நன்றி. பெயர் தெரியாத ஊர்களில் அம்மாவுக்கு வேலை கொடுத்தவர்கள், அவர் யார் மகள், யார் மனைவி என்று கேட்காமல் சோறு போட்டவர்கள், படுக்க இடம் விட்டவர்கள் எல்லாருக்கும் நன்றி. ஜைனம்புவுக்கு இந்த நாளைச் சொன்னேன். மண்டபத்தில் என்னை எங்கே உட்கார வைப்பாக என்று கேட்டார். முன் வரிசையில் என்று நான் சொல்லியிருக்க வேண்டும். அவர் சிரித்துக்கொண்டு, நான் வரல தாயி, நீங்க நல்லபடியா நடத்துங்க என்றார்.

அதனால் அவர் இங்கே இல்லை. நீங்கள் எல்லாரும் இருக்கிறீர்கள்.